ஆறு நாள் வயிற்றோட்டம்

உயர்தரப் பரீட்சையில் பல்கலைக்கழக வெட்டுப்புள்ளிக்கு எட்டாமல் போன பிறகு ஒரே வருடத்தில் நான் மூன்று விஷயங்களைத் தொடங்கியிருந்தேன்: வெளிவாரிப் பட்டம், கணினி டிப்ளோமா, சனிக்கிழமை ஆங்கில வகுப்பு. மூன்றும் ஓடிக்கொண்டிருந்தபோதே நாலாவதாக வேலையும் கிடைத்தது. எங்கள் ஊரான தேற்றாத்தீவில் இருந்து சைக்கிளில் இருபது நிமிடம். பிரதான வீதியைக் குறுக்கே கடந்து வாவிப் பக்கம் இறங்கினால் வெள்ளை அடித்த நீளமான கட்டடம். நண்டுக் கம்பெனி என்றுதான் ஊரில் சொல்வார்கள்.

வாவியில் இருந்தும் கடலில் இருந்தும் வரும் நண்டை அவித்து, குளிரவைத்து, பெண்கள் மேசையைச் சுற்றி இருந்து சிறிய கத்தியால் இறைச்சியைப் பிரித்தெடுப்பார்கள். அது டப்பாவில் அடைபட்டு வெளிநாட்டுக்குப் போகும். வெள்ளைக் கோட், தலைவலை, முழங்கால் வரை சப்பாத்து. உள்ளே போகும்போது காலை மருந்துத் தண்ணீரில் நனைத்து, கையை முழங்கை வரை கழுவ வேண்டும். ஒவ்வொருவருக்கும் ஓர் இலக்கம். நான் உள்ளே போவதில்லை. கண்ணாடி அடித்த சிறு அறையில் இருந்து வருகைப் பதிவும் லீவுப் பதிவும் பார்ப்பதுதான் என் வேலை. இரண்டு கிழமையில் எல்லாவற்றையும் பிடித்துவிட்டேன். பிறகு எதைத் திருத்தலாம் என்று பார்க்கத் தொடங்கினேன். என் குணம் அது.

முதலில் கண்ணில் பட்டது லீவுப் படிவம். அதில் காரணத்துக்கு இரண்டே பெட்டிகள். ஒன்று ‘சொந்தச் சுகயீனம்’. மற்றது ‘குடும்பத்தில் மரணம்’. இரண்டுக்கும் நடுவில் ஒன்றுமில்லை.

“வீட்டில ஒராள் மௌத்தாப் போனா லீவு இருக்கு. மௌத்தாப் போகாமப் பாக்கிறதுக்கு லீவு இல்ல” என்று சொல்லிச் சிரிப்பார் காத்தான்குடியில் இருந்து வேனில் வரும் ராத்தா. முதல் மேசையில் மூத்தவர் அவர்தான். எந்த நண்டைத் தூக்கினாலும் அது பெட்டையா கடுவனா என்று பார்க்காமலே சொல்லுவார்.

முப்பத்துநாலாம் இலக்க அக்கா அதே மேசையில் அவருக்குப் பக்கத்தில் இருப்பவர். களுதாவளைக்காரி. கணவர் கட்டாரில். தாய் இல்லை, தகப்பனுக்குக் கண் மங்கல். இரண்டாம் வகுப்புப் படிக்கும் மகளுக்கு முட்டு வருத்தம். குளிர் காற்றடித்தால் பிள்ளைக்கு மூச்சு இழுக்கும். உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய் முகமூடி வைத்து மருந்துப் புகை பிடிக்க வேண்டும். இதைவிட கிளினிக் வேறு. அப்படி ஒரு நாள் நின்றுவிட்டு மறுநாள் வந்து என் யன்னலில் கையை ஊன்றிக்கொண்டு கேட்டார்.

“தங்கச்சி, புள்ளைக்கு முட்டெண்டு எழுதினா இவங்க தருவாங்களா?”

“பெட்டி இல்லையேக்கா. மனேஜர் சேரிட்டக் கேளுங்க.”

கேட்டுவிட்டு வந்தார். சேர் என்ன சொன்னார் என்று நான் கேட்கவில்லை, அக்காவின் முகத்தைப் பார்த்தால் தெரிந்தது. அப்போதுதான் நான் அந்தப் பெரிய யோசனையைச் சொன்னேன்.

“காய்ச்சல் எண்டா மெடிக்கல் துண்டு கேப்பாங்க. காயம் எண்டா காட்டச் சொல்லுவாங்க. வயித்தோட்டம் எண்டு போடுங்கக்கா. ஒரு நாள்ல வரும், ஒரு நாள்ல போகும். ஆரும் காட்டு எண்டு கேக்க மாட்டாங்க.”

அது சும்மா சொன்ன யோசனை அல்ல, நானே பரீட்சித்துப் பார்த்தது. வெளிவாரிப் பரீட்சைக்கு இரண்டு நாள் போகவேண்டி வந்தபோது என் பெயருக்கு நேரே முதன்முதலாக அந்தச் சொல்லை எழுதியிருந்தேன். சுப்பர்வைசர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கையெழுத்து வைத்தார்.

அக்கா தயங்கினார். “அது ஒரு மாதிரி வெக்கக்கேடா இருக்குகா.”

“அதுதான் பலம். வெக்கத்தில அவங்களும் கேக்க மாட்டாங்க.”

என் யோசனை மேசை முழுக்கப் பரவியது. மாமியாரை எக்ஸ்ரே எடுக்கக் கூட்டிப்போனவருக்கும் வயிற்றோட்டம், பிள்ளைக்கு அம்மாள் போட்டிருந்தவருக்கும் வயிற்றோட்டம். காலையில் ஒரு போன், மறுநாள் படிவம். நான் அதை அழகாகப் பதிவுப் புத்தகத்தில் எழுதி, கணினியிலும் ஏற்றுவேன். ஆட்களுக்கு உபகாரம் செய்கிறேன் என்ற நினைப்பு எனக்கு நிறையவே இருந்தது.

புதிதாகத் தரக்கட்டுப்பாட்டுக்கு ஒரு மிஸ் வந்தார். மலையகத்துக்காரர், உணவு விஞ்ஞானம் படித்தவர், என்னைவிட நாலைந்து வயது கூட இருக்கும். மென்மையாகக் கதைப்பார். ஆனால் யாரும் திறக்காத பைல்களைத் திறப்பார். வெளிநாட்டுக்காரர் பரிசோதனைக்கு வர ஒரு மாதம் இருந்தது. வந்த கிழமையே என் அறைக்குள் ஒரு கதிரையை இழுத்துப்போட்டு லீவுப் பதிவை முதல் பக்கத்தில் இருந்து வாசிக்கத் தொடங்கினார். இரண்டாம் நாள் பின்னேரம் விரலை ஓர் இடத்தில் வைத்துக் கேட்டார்.

“முப்பத்துநாலு யாரு?”

சொன்னேன்.

“பதினோரு மாசத்துல ஆறு தடவ வயித்தோட்டம். ஆறு தடவையும் மறுநாளே மேசைக்கு வந்திருக்காங்க.” அவர் குரல் ஏறவேயில்லை. “இவங்க கைபட்ட இறைச்சியத்தான் நாம டப்பாவுல போட்டு அனுப்பியிருக்கோம்.”

எனக்கு அந்தக் கணத்தில்தான் உறைத்தது. சீமெந்துக் கடையிலோ புடவைக் கடையிலோ என்றால் என் யோசனை நல்ல யோசனைதான். மனிதர்கள் கையால் தொட்ட உணவை மனிதர்கள் தின்னப்போகும் இடத்தில், இருக்கிற வருத்தங்களுக்குள் மிக மோசமான ஒன்றைப் பார்த்துத் தேடி எடுத்து எல்லோர் கையிலும் கொடுத்திருந்தேன். நான்கு தரம், மூன்று தரம் என்று இருந்தவர்கள் தப்பினார்கள். அக்காவின் பிள்ளைக்கு அடிக்கடி முட்டு வந்தது. அதனால் அவருடைய எண்ணிக்கை மட்டும் தலையைத் தூக்கி நின்றது.

மறுநாள் காலை அக்காவை உள்ளே விடவில்லை. மூன்று மலப் பரிசோதனை, இரண்டு கிழமைக்கு ஒன்று வீதம். அது முடியும்வரை வெளியே, நண்டு ஓடு அள்ளிச் சாக்கில் கட்டும் முற்றத்தில் வேலை. இதில் இன்னொரு சிக்கலும் இருந்தது. அவருடைய ஒரு வருட ஒப்பந்தம் அந்த மாதக் கடைசியோடு முடிகிறது. புதுப்பிக்க, ‘உணவு கையாளத் தகுதியானவர்’ என்று மிஸ் கையெழுத்து வைக்க வேண்டும். மூன்று மலப் பரிசோதனையும் முடிய ஒரு மாதத்துக்கு மேல் ஆகும். ஒப்பந்தத்துக்கு இன்னும் பன்னிரண்டு நாள். மிஸ்ஸின் கையெழுத்து இல்லாவிட்டால் அக்காவுக்கு வேலை இல்லை.

அன்று நான் வாயைத் திறக்கவில்லை. யன்னலால் முற்றம் தெரியும். வெயிலில் முகத்தைத் துணியால் மூடிக்கொண்டு அக்கா ஓடு அள்ளிக்கொண்டிருந்தார். நிமிர்ந்து ஒரு தரம் என் பக்கம் பார்த்தார். நான் கம்பியூட்டரில் ஏதோ தேடுவது போல இருந்தேன்.

பின்னேரம் ஐந்து மணிக்குச் சைக்கிளை அவர் வீட்டுப் பக்கம் திருப்பினேன். வாவிக்கு மேற்கே படுவான்கரைப் பக்கம் வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. அக்கா கிணற்றடியில் கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தார். ஓட்டு நாற்றம் இலேசில் போகாது.

“வாகா. என்ன, வருத்தக்காரியப் பாக்க வந்தியா? தோடம்பழம் கொண்டு வரல்லையா?”

“அக்கா, நான்தானே…”

“ஓம், நீதான். நான் என்ன சின்னப்புள்ளையா, நீ சொன்னதும் எழுதிறத்துக்கு? இரு, தேத்தண்ணி வைக்கிறன்.”

மகள் வாசற்படியில் இருந்து வீட்டுவேலை செய்துகொண்டிருந்தாள். பக்கத்தில் ஒரு சொப்பிங் பேக். அதற்குள் கிளினிக் கொப்பி. அட்டை பிய்ந்துவிடாமல் பொலித்தீன் போட்டிருந்தது. நான் கேட்காமலே எடுத்துப் புரட்டினேன். ஒவ்வொரு பக்கத்திலும் திகதி, முத்திரை, டொக்டரின் கிறுக்கல். லீவுப் பதிவைப் போனில் படம் எடுத்து வைத்திருந்தேன். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். முதல் திகதி சரி. இரண்டாவதும் சரி. ஆறும் சரி, ஒன்றுகூடப் பிசகவில்லை.

நான் எழும்பிவிட்டேன். “அக்கா, இது போதும். நாளைக்கே காட்டுவம். உங்களுக்கு ஒரு வருத்தமும் இல்ல எண்டு நிரூபிச்சாச்சு.”

அவர் தேத்தண்ணியை என் கையில் தந்துவிட்டு எதிரே குந்தினார்.

“மறுகா? வருத்தக்காரி எண்டு நிப்பாட்டப் போறவங்க, பொய்க்காரி எண்டு நிப்பாட்டுவாங்க. அதுக்கு என்ன செய்யிற?”

அதை நான் யோசித்திருக்கவில்லை.

“இன்னொண்டு. நான் போய் இதெல்லாம் புள்ளைக்காகப் போட்ட லீவு எண்டு சொன்னா, மேசையில மத்தவங்கட வயித்தோட்டத்தையும் பாக்க மாட்டாங்களா? அவங்களும் வீட்டில புள்ள குட்டி, வருத்தக்காரர வச்சிருக்கிற ஆக்கள்தானே.”

அதையும் யோசித்திருக்கவில்லை. தேத்தண்ணியைக் குடித்துவிட்டு, “போயித்து வாறன்” என்று சொல்லிக் கிளம்பினேன். மகள் கொப்பியை வாங்கி மறுபடி பொலித்தீனுக்குள் ஒழுங்காக வைத்தாள்.

வீட்டுக்கு வந்ததும் அலுமாரியில் இருந்து என் நியமனக் கடிதத்தை எடுத்தேன். முன்பக்கம் எனக்கு மனப்பாடம். பின்பக்கத்தில் பொடி எழுத்தில் நிபந்தனைகள். எல்லோருக்கும் அந்தக் கடிதத்தைப் பின் அடித்துக் கொடுத்தவள் நான், ஆனால் பின்பக்கத்தை ஒருநாளும் வாசித்ததில்லை. எட்டாவது நிபந்தனையில் இருந்தது: வருடத்தில் ஏழு நாள், ‘சொந்த அலுவல், சுகயீனம் அல்லது வேறு நியாயமான காரணத்துக்காக’ லீவு எடுக்கலாம். சுகயீனம் என்றுதான் இருந்தது. யாருடைய சுகயீனம் என்று இல்லை. அப்படிப் பிடிவாதமாக வாசித்தாலும் நியாயமான காரணம் என்று ஒன்று இருக்கிறதே. மூச்சு இழுக்கும் பிள்ளையை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவது நியாயம் இல்லையென்றால் பிறகு எதுதான் நியாயம்? படிவம் அச்சடித்தவர் எவரோ, எட்டாவது நிபந்தனையை வாசிக்காமல் இரண்டு பெட்டி போட்டிருக்கிறார். நாங்களும் அதை வாசிக்காமல் அந்தப் பெட்டிக்குள் எங்களை அடைத்துக்கொண்டோம்.

மறுநாள் காலை முற்றத்தில் வைத்து அதை அக்காவுக்கு வாசித்துக் காட்டினேன்; மேசை ஆட்களைக் கேட்டுவிட்டுக் கொப்பியைக் காட்டுவோம் என்றார். சாப்பாட்டு நேரம். மேசை ஆட்கள் சாப்பாட்டு அறையில் பார்சலைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். அக்கா உள்ளே வராமல் வாசலில் நின்றார்.

“உள்ளுக்கு வா புள்ள. எங்களுக்குத் தொத்தினா தொத்தட்டும்” என்றார் ராத்தா.

அக்கா சிரித்துவிட்டு இருந்தார். விஷயத்தைச் சுருக்கமாகச் சொன்னார். கொப்பியைக் காட்டப்போவதாகவும், அதற்கு முதல் அவர்களைக் கேட்க வந்ததாகவும் சொன்னார். நான் எட்டாவது நிபந்தனையை வாசித்தேன். யாரும் அவ்வளவு கவனிக்கவில்லை.

மூலையில் இருந்த இளம் பெண் ஒருத்தி மெல்லச் சொன்னாள்: “காட்டாதீங்கக்கா. எனக்கு மூண்டு இருக்கு. எல்லாரையும் நிப்பாட்டிப் போட்டா?”

அவள் சொன்னது பிழை இல்லை.

“மூண்டா?” என்றார் ராத்தா, சோற்றைப் பிசைந்தபடி. “எனக்கு நாலுடி. உம்மாட கண் ஒப்பரேஷனுக்கு ரெண்டு, மருமகள் புள்ளப் பெத்த நேரம் ரெண்டு. நாலு தரம் வயித்தால போன ஆளப் பாரு, எப்பிடி இருக்கன் எண்டு. வேன்காரன் எனக்கு ரெண்டு சீற்றுக்குக் கணக்கு வைக்கிறான்.”

இளம் பெண்ணும் சிரித்துவிட்டாள்.

“நீ போய் உன்ட ஆறையும் சொல்லு” என்றார் ராத்தா அக்காவிடம். “எங்கட கதைய நீ எடுக்காத. அவங்களாக் கேட்டா, என்ட நாலையும் நான் வந்து சொல்லுறன்.”

மனேஜரின் அறையில் நாங்கள் நாலு பேர். சேர் எங்கள் ஊர்ப் பக்கத்து ஆள்தான்; கெட்டவர் அல்ல, எப்போதும் ஏதோ லொறி வரவில்லை என்று போனில் நிற்பவர். அக்கா கொப்பியை மேசையில் வைத்தார். நான் பக்கத்தில் பதிவை வைத்து ஒவ்வொரு திகதியாக விரல் வைத்துக் காட்டினேன். மிஸ் எழுந்து வந்து குனிந்து தானும் சரிபார்த்தார்.

சேர் கண்ணாடியைக் கழற்றினார். “அப்ப ஆறு தரமும் பொய்.”

“ஓம் சேர்” என்றார் அக்கா. “எனக்கு வயித்தோட்டம் எண்டது பொய். புள்ளைக்கு முட்டு வந்தது உண்மை.”

“என்னட்ட வந்து கேட்டிருக்கலாமே.”

“முதல் தரம் கேட்டன் சேர். வீட்டில வேற ஆள் இல்லையா எண்டு கேட்டீங்க. இல்ல எண்டன். அது எனக்குத் தெரியாது எண்டீங்க.”

சேர் அதை நினைவுபடுத்திப் பார்ப்பது தெரிந்தது. நினைவு வரவில்லை போல.

நான் உடனே, அந்தச் சொல்லைச் சொல்லிக்கொடுத்தது நான்தான் என்றும், முதலில் எழுதியதும் என் பெயருக்குத்தான் என்றும், அதோடு எட்டாவது நிபந்தனையைப் பார்த்தால் இது எல்லாமே உரிமையாக எடுத்திருக்கக்கூடிய லீவுதான் என்றும், படிவத்தில்தான் பிழை என்றும் சொல்லிக்கொண்டே போனேன்.

“பொறு புள்ள. மூச்சு விட்டுக் கதை” என்றார் சேர். கடிதத்தை வாங்கிப் பின்பக்கத்தைத் திருப்பி வாசித்தார். அவரும் அதை முதல் தரம்தான் வாசிக்கிறார் என்று நினைக்கிறேன். மெதுவாக இரண்டு தரம் வாசித்தார்.

மிஸ்தான் பேசினார். “சார், லீவு யாருக்கு எதுக்குங்கிறது உங்க விஷயம். எனக்கு வேற ஒரு பிரச்சினை. எல்லாரும் பொய்க் காரணம் எழுதினா, நெஜமா யாருக்கு வருத்தம்னு நான் எப்படிக் கண்டுபிடிக்கிறது? நெஜமா வயித்தோட்டம் வந்த நாள்ல யாராவது மேசைக்கு வந்திருந்தா?”

அவர் யாரையும் குறிப்பிட்டுக் கேட்கவில்லை. பதிலும் எதிர்பார்க்கவில்லை. ஆனால் அக்கா சொன்னார்.

“வந்திருக்கன் மிஸ். கோயில் தீர்த்தம் முடிஞ்ச கிழமை. உண்மையா வந்தது. அப்ப ரெண்டு லீவுதான் மிச்சம். அடுத்த கிழமை புள்ளைக்கு கிளினிக், முட்டு வந்தா இன்னொண்டு வேணும். அதுக்கு வச்சிக்கொண்டு நான் மேசைக்கு வந்தன்.”

வென்றுகொண்டிருந்தோம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். வருகைப் பதிவில் அந்த நாளுக்கு நேரே ‘நலம்’ என்று பதிந்து கீழே கையெழுத்து வைத்திருந்ததும் நான்தான்.

சேர் எங்களை வெளியே நிற்கச் சொன்னார். வாவிப் பக்கத்துச் சுவரோரம் நின்றோம். தோணி ஒன்று நண்டுக் கூடையோடு இறங்குதுறைக்கு வந்துகொண்டிருந்தது.

“ஏனக்கா அதைச் சொன்னீங்க? ஆரும் கேக்கல்லையே.”

“கேட்டாத்தான் சொல்லுறதா? மிஸ் புள்ள பயந்துபோய்க் கேட்டிச்சி. அது கேட்டதில ஞாயம் இருக்கு.” தோணியைப் பார்த்துக்கொண்டே சொன்னார். “அண்டைக்கு முழுக்கக் கையக் கழுவிக்கொண்டே இருந்தன். வீட்ட போயும் சோறு இறங்கல்ல.”

கால்மணி நேரம் கழித்து மிஸ் கதவைத் திறந்தார். முடிவை அவரே சொன்னார். மூன்று பரிசோதனை வேண்டாம், ஒன்று. அதுவரைக்கும் முற்றத்தில்தான் வேலை, அதில் மாற்றமில்லை. தாள் சுத்தமாக வந்தால் கையெழுத்து வைப்பார். பொய்க் காரணத்துக்கு அக்காவுக்கு ஓர் எச்சரிக்கைக் கடிதம், எனக்கு ஒன்று. என்னுடையதை நானே தட்டச்சுச் செய்தேன்.

“சாருக்குக் கொஞ்சம் யோசனையாத்தான் இருந்துச்சு” என்று பிறகு ஒருநாள் மிஸ் என்னிடம் சொன்னார். “வேற ஒருத்தங்கள அந்த எடத்துல வச்சா, அவங்க தீர்த்தக் கிழமையப் பத்திச் சொல்ல மாட்டாங்கன்னு சொன்னேன். அப்புறம்தான் சரின்னாரு.”

பரிசோதனைத் தாள் எட்டாம் நாள் வந்தது. சுத்தம். ஒப்பந்தம் முடிய இரண்டு நாள் இருக்கையில் மிஸ் கையெழுத்து வைத்தார். அக்கா வெள்ளைக் கோட்டோடு உள்ளே போனபோது, ராத்தா எழும்பித் தன் ஸ்டூலைத் துடைத்துக் கொடுத்து, “இரு மகள், இரு. இந்த மேசையில சேர்ட்டிபிக்கட் எடுத்த வயிறு உன்டது மட்டும்தான்” என்றாராம். கண்ணாடி வழியே எனக்குச் சிரிப்புத்தான் தெரிந்தது.

பதிவில் எதையும் அழிக்கக்கூடாது என்பது மிஸ்ஸின் சட்டம். பிழையின் மேல் ஒரே ஒரு கோடு, பக்கத்தில் சரியானது, அதன் கீழே ஒப்பம். அக்காவின் ஆறு நாளையும் அப்படியே திருத்தினேன்: மகளுக்கு முட்டு, மகளுக்குக் கிளினிக், மகளுக்கு முட்டு. அடுத்த நாள் சாப்பாட்டு நேரம் ராத்தா யன்னலுக்கு வந்தார். ஒருவரும் அவரைக் கேட்டிருக்கவில்லை. “என்ட நாலையும் வெட்டு புள்ள. உம்மாட கண் ரெண்டு, மருமகள் புள்ளப் பெத்தது ரெண்டு எண்டு போடு” என்றார். அவருக்குப் பின்னால் மூலையில் இருந்த இளம் பெண் நின்றாள். கடைசியாக என் பெயருக்கு நேரே இருந்த இரண்டு நாளுக்கும் கோடு போட்டு, ‘சொந்த அலுவல்: பரீட்சை’ என்று எழுதினேன். அந்தப் பரீட்சையில் ஒரு பாடம் தவறியிருந்தது. அதை எழுதவில்லை.

புதிய படிவத்தைத் தயாரிக்க நானே முன்வந்தேன். இரண்டு இரவு வகுப்பைத் தவறவிட்டு, எட்டுப் பெட்டிகளோடு ஒன்று செய்துகொண்டு போனேன். பிள்ளை, தாய் தகப்பன், கணவன் மனைவி, மாமன் மாமி, சகோதரர் என்று ஒவ்வொருவருக்கும் ஒரு பெட்டி. சேர் பார்த்தார். சிவப்புப் பேனையால் எட்டையும் வெட்டி, கீழே ஒரு நீண்ட கோடு இழுத்து, அதற்கு முன்னால் ‘காரணம்’ என்று மட்டும் எழுதித் திருப்பித் தந்தார். எனக்குக் கோபம் வந்தது. பிறகு யோசித்துப் பார்த்தால் அதுதான் சரி.

ஏழு நாள் ஏழு நாளாகத்தான் இருக்கிறது. அக்காவின் பிள்ளைக்கு அது போதாது என்பது எல்லோருக்கும் தெரியும். அதைப் பற்றி நான் ஒரு கடிதம் எழுதிக்கொண்டிருக்கிறேன், சேர் இன்னும் வாசிக்கவில்லை.

அடுத்த கிளினிக்குக்கு இரண்டு நாள் முன்பே அக்கா யன்னலுக்கு வந்தார். இந்த முறை என்ன எழுதுவது என்று கேட்கவில்லை. பேனையை மட்டும் கேட்டார். கையை வெள்ளைக் கோட்டில் துடைத்துவிட்டு, ‘காரணம்’ என்பதற்கு நேரே இருந்த கோட்டின் மேல் நிதானமாக எழுதினார்: ‘மகளுக்குக் கிளினிக். நான் கூடப் போக வேணும்.’ சுப்பர்வைசர் அதை வாங்கிப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கையெழுத்து வைத்தார்.

புதன்கிழமை காலை முதல் மேசையில் அவருடைய ஸ்டூல் வெறுமையாக இருந்தது. மற்றவர்கள் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்து அவருடைய நண்டையும் பிரித்துக்கொண்டிருந்தார்கள். நான் கணினியில் முப்பத்துநாலுக்கு நேரே போனேன். பழக்க தோஷத்தில் விரல் ‘வ’வை அடித்தது. அதை அழித்தேன், ஏற்றுவதற்கு முன் என்றால் அழிக்கலாம். ‘மகளுக்குக் கிளினிக்’ என்று அடித்து ஏற்றினேன்.